கை தெரிகிறது, ஆள் எங்கே?

எழுபதுகளில் வளர்ந்த தமிழ் வாசகருள் இரும்புக்கை மாயாவியை அறியாதார் சிலரே. சிவகாசி முத்து காமிக்ஸ் 1972 இல் தனது முதல் வெளியீடாக அவனை நமக்கு அறிமுகஞ் செய்தது. மின்சாரம் பாய்ந்ததும் அவனுடல் மறையும். உருக்குக் கை மட்டும் புலப்படும். வெள்ளவத்தையிலிருந்து கல்கிசை வரை, இன்று தலை நரைத்தோர் பலர் அக்கதைகளை ஒப்புவிக்க வல்லவர். ஆனால், வரைந்தவர் யாரென வினவினால் மௌனமே விடையாகும்.

அவர் பார்சலோனா நகரத்தவரான ஹெசூஸ் பிளாஸ்கோ (1919–1995). தம் நாட்டில் 'குத்தோ' என்னும் சிறுவர் நாயகனைப் படைத்து முன்னரே புகழீட்டியவர். 1962 ஒக்டோபரில் இலண்டனில் தொடங்கிய 'வேலியண்ட்' வார இதழுக்காகவே இம்மாயாவியை வரைந்தார். இதழோ அவர் பெயரை வெளியிடவில்லை. கதை எழுதிய கென் பல்மருக்கும் அவருக்குப்பின் வந்த டொம் டலிக்கும் அதே கதி. ஓவியர் ஒப்பமிட்டால் அதனையும் அழித்துவிடுவது அக்காலப் பிரித்தானியச் சிறுவர் இதழ்களின் வழமை. பெயர் வெளிப்பட்டால் போட்டி நிறுவனம் அழைக்கும், கூலி உயரும். இருட்டடிப்பின் பொருளாதாரம் இதுவே.

கூலி பெற்றவனுக்குப் பெயர் எதற்கு என்பார் உளர். திரைப்படத்தில் ஒப்பனை செய்தவரும் கூலி பெற்றவரே. அவர் பெயர் திரையில் வருகிறது. சிறுவருக்குப் பெயர் வேண்டியதில்லை என்பாரும் உளர். 1977 இல் தோன்றிய '2000 ஏடி' என்னும் பிரித்தானியச் சிறுவர் இதழ் கலைஞர் பெயர்களை அச்சிடத் தொடங்கிற்று. அதனால் சிறுவர் எவரும் இதழை வீசியெறிந்துவிடவில்லை. தமக்கு விருப்பமான ஓவியரைப் பெயர் சொல்லி அறியக் கற்றுக்கொண்டனர்.

நம் நாட்டு உதாரணமொன்றையும் நோக்குவோம். தினகரனில் 'சவாரித்தம்பர்' வரைந்த சிவஞானசுந்தரம், 'சிரித்திரன் சுந்தர்' என்ற பெயரால் இன்றும் நினைக்கப்படுகிறார். அவரது திறமை மறுக்கவொண்ணாதது. ஆயினும் அவர் தாமே ஒரு சஞ்சிகையின் அதிபராகவும் ஆசிரியராகவும் இருந்தார் என்பதை மறத்தலாகாது. அச்சகம் யாருடையதோ பெயரும் அவருடையது என்பதே நடைமுறையாயின், பிறர் சஞ்சிகைக்கு வரைந்து கொடுத்தவரின் கதி யாது?

குற்றம் பதிப்பாளரை மட்டும் சார்ந்ததன்று. எழுத்தெண்ணிப் படிக்கும் நமது தமிழ்த்துறைகள், சித்திரக்கதையை இலக்கிய வரலாற்றின் வாயிலிலேயே நிறுத்திவிட்டன. ஏட்டுச்சுவடியைப் படியெடுத்தவன் பெயரை ஆராயும் நாம், இலட்சம் சிறுவருக்கு வாசிப்பின் சுவையூட்டியவனை ஆராயத் தயங்குகிறோம். பிளாஸ்கோவின் பெயரையாவது பிற நாட்டு ஆய்வாளர் மீட்டனர். குமிழிகளுள் தமிழைப் பொருத்தி எழுதிய கைகளையும், ஈழத்துப் பத்திரிகைகளின் சித்திரத் தொடர்களை வரைந்த கைகளையும் வேறெவர் வந்து மீட்பர்?

ஆதலால் நாம் வேண்டுவன இரண்டு. பழைய சித்திரக்கதைகளை மறுபதிப்புச் செய்வோர், வரைந்தவர், எழுதியவர், தமிழாக்கியவர் பெயர்களை முதற்பக்கத்தில் பொறித்தல் வேண்டும். பல்கலைக்கழக மாணவர், எஞ்சியுள்ள ஓவியரை நாடி அவர்தம் வாழ்வையும் பணியையும் பதிவுசெய்தல் வேண்டும். முன்னையதற்குச் செலவு ஒருவரி மை. பின்னையதற்கோ காலம் காத்திராது.

மின்சாரத்தின் வலு குன்றியதும் மாயாவி மீண்டும் மனிதனாய்த் தோன்றுவான். அவனை வரைந்தவரை மறைத்தது மின்சாரமன்று, நமது அலட்சியம். அது தானாகத் தீராது.