ஏட்டுச் சுரைக்காயும் நூலறமும்

ஏட்டுச் சுரைக்காய் கறிக்குதவாது என்பது நம் நாட்டுப் பழமொழி. அதன் வலியாற்போலும், அடிசில் நூல்களைக் கற்றோர் நூல்களாகவே மதிப்பதில்லை. கலாசாலைப் புத்தகசாலைகளில் காவியமும் இலக்கணமும் அலமாரிதோறும் வீற்றிருக்க, சமையல் நூல் ஒரு மூலையிலேனும் இடம்பெறுதல் அரிதாகும். இதன் பயன் யாது? அத்தகைய நூலை வேண்டுவோர் நேர்வழி காணாராய், யாரோ களவிற் படியெடுத்துக் கைப்பேசி வாயிலாகப் பரப்பும் பிரதியை நாடுகின்றனர். இவ்வழக்கம் தகாதென்பதும், நேர்வழி நாம் எண்ணுமளவு அரிதன்று என்பதுமே ஈண்டு யான் கூறப் புகுந்தவை.

அடிசில் நூல் இழிந்ததன்று. சிறுபாணாற்றுப்படை பாடிய நல்லூர் நத்தத்தனார், அருச்சுனனுக்கு மூத்தோனாகிய வீமன் தந்த நூலின் நெறி வழுவாது சமைத்த உணவைப் புகழ்ந்துரைக்கின்றார். அச்சு வந்த பின்னர், தொ. கி. இராமச்சந்திர ராயரின் இந்து பாக சாஸ்திரம் 1891-லும், எஸ். மீனாட்சி அம்மாளின் சமைத்துப் பார் 1951-லும் வெளிவந்தன. ஒரு காலத்து மக்கள் வைகறையில் எதனை உண்டனர், எப்பண்டம் கடல்கடந்து வந்து அவர்தம் அடுக்களை புகுந்தது என்பவற்றை அரசர் வரலாறு கூறாது. அடிசில் நூலே கூறும்.

ஓர் எடுத்துக்காட்டுக் காண்போம். புனித சவேரியார் (1506-1552) பாஸ்கு இனத்தவர். அவர் 1545-ல் எம் காரைக்காலுக்குத் தெற்கே அண்மையிலுள்ள நாகப்பட்டினத்திற்கும் எழுந்தருளினார். அவருடைய நாட்டார் காலைச் சிற்றுண்டியாக யாது உண்பர் என அறிய ஒரு மாணாக்கன் அவாவினான் என்க. அவன் களவு நூலைத் தேடவேண்டுவதில்லை. பாஸ்கு நாடு ஸ்பெயினிலும் பிரான்சிலுமாகப் பரந்து கிடப்பது. பிரெஞ்சு தேசியப் புத்தகசாலையோ உரிமைக்காலம் கடந்த நூல்களைக் கால்லிகா என்னும் தன் இணைய நிலையத்தில் 1997 முதல் எவரும் விலையின்றிப் படிக்க வைத்துள்ளது. பிரான்சில் பொதுவாக ஆசிரியர் மறைந்து 70 ஆண்டுகள் கழிந்தால் நூல் பொதுவுடைமையாகும். 1739 முதல் 1954 வரை பிரெஞ்சு ஆட்சியின்கீழ் இருந்த எம்மூரில் அம்மொழி அறிந்தார் இன்றும் உளராதலின், படித்துப் பொருள் கூறத் துணையும் கிடைக்கும்.

நம் நாட்டுச் சட்டமும் கொடியதன்று. 1957-ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம், ஆசிரியர் மறைந்த ஆண்டினை அடுத்துத் தொடங்கி 60 ஆண்டுகள் உரிமை வழங்குகின்றது. முன்னர் 50 ஆக இருந்த இவ்வெல்லை 1992-ல் 60 ஆயிற்று. மீனாட்சி அம்மாள் மறைந்தது 1962. ஆதலின் அவர் தம் கையால் எழுதியவற்றின் உரிமைக்காலம் 2022-ஆம் ஆண்டின் இறுதியோடு முடிந்தது. பின்னர்ப் பிறர் சேர்த்தவற்றிற்கும் மொழிபெயர்ப்பிற்கும் உரிமை தனியே உண்டென்பதை மறத்தலாகாது. மேலும், செய்முறைக்கு உரிமை இல்லை. அதனை ஆசிரியர் விரித்துரைத்த சொற்களுக்கே உரிமை. இட்லிக்கு அரிசியும் உளுந்தும் எவ்வளவு என்பதை எவரும் அறிந்து சமைக்கலாம். அந்நூலின் பக்கங்களைப் படியெடுத்துப் பரப்புதலே குற்றம். இந்தியாவில் விலைக்குக் கிடைக்காத நூலைப் பொதுப் புத்தகசாலையார் தம் பயன்பாட்டிற்காக மூன்று படிகள் வரை எடுத்துக்கொள்ளவும் சட்டம் இடந்தருகின்றது.

"நூல் விலை அதிகம்; ஏழை மாணாக்கன் என் செய்வான்?" என்பார் உளர். இவ்வினா புறக்கணிக்கத்தக்கதன்று. ஆயினும் ஒன்றை எண்ணுமின். தமிழில் அடிசில் நூல் எழுதினோருட் பலர் பெண்டிர். வாழ்நாள் முழுதும் அடுக்களையில் உழைத்தும் ஒரு காசும் கூலி பெறாதவர், அவ்வுழைப்பினின்று பிறந்த அறிவை நூலாக்கிச் சிறிது பொருள் பெறுகின்றனர். அதனையும் களவிற் கொள்வோமாயின், ஒருவரை இருமுறை கூலியின்றி உழைப்பித்தவராவோம். பதிப்பாளரும் அடுத்த நூலை அச்சிட அஞ்சுவர். ஏழையின் பொருட்டுச் செய்வதாகக் கூறும் களவு, ஏழைக்கு எட்டக்கூடிய நூலையே இல்லையாக்கிவிடும்.

ஏழைக்கு மெய்யான துணை புத்தகசாலையே. எம் டெல்டாவின் சீர்காழியில் 1892-ல் பிறந்து, சென்னைக் கிறிஸ்தவக் கலாசாலையிற் பயின்ற எஸ். ஆர். இரங்கநாதன், நூல்கள் பூட்டிவைப்பதற்கல்ல, பயன்கொள்வதற்கே என்பதை 1931-ல் தம் நூலால் உலகிற்கு உணர்த்தினார். 1896-ல் திறக்கப்பெற்ற சென்னைக் கன்னிமாரா புத்தகசாலைக்கு, 1954-ஆம் ஆண்டுச் சட்டப்படி நாட்டில் வெளியாகும் ஒவ்வொரு நூலின் படியும் அனுப்பப்பெறல் வேண்டும். அரிய பழம்பதிப்புகளுக்கு 1994-ல் தோன்றிய ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம் உண்டு. தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகத்தை வீட்டிலிருந்தே திறக்கலாம். 1827-ல் தொடங்கிய புதுச்சேரிப் புத்தகசாலை நமக்கு அண்மையிலேயே உளது.

எனவே என் விண்ணப்பம் இரண்டு. முதலாவது, கலாசாலைப் புத்தகசாலைகள் ஆண்டுதோறும் சில அடிசில் நூல்களையேனும் விலைகொடுத்து வாங்குக. ஒரு படி வாங்கின் நூறு மாணாக்கர் நேர்மையாகப் படிப்பர். இரண்டாவது, இதுவரை நூலேறாதவற்றை மாணாக்கராகிய நாமே எழுதுவோமாக. காரைக்காலில் இந்துக்கள், முஸ்லிம்கள், கிறிஸ்தவர் ஆகியோர் இல்லங்களிலும், சைகோன் சென்று மீண்ட குடும்பங்களிலும் காலையில் ஆக்கப்படும் உண்டிகளை அறிந்த பாட்டிமார் இன்னும் நம்மிடையே உளர். அவர்தம் இசைவு பெற்று, அவர் பெயரிட்டு எழுதுதல் வேண்டும். உப்பிட்டவரை உள்ளளவும் நினை என்னும் நம் முன்னோர் வாக்கு, உப்பின் அளவை நமக்குக் கற்பித்தவர்க்கும் பொருந்துமன்றோ?