கருகிய மலையைச் சும்மா விடுங்கள்



கலிஃபோர்னியாவில் காட்டுத்தீ என்று செய்தி வந்தாலே, அங்கே குடியிருக்கும் நம் பிள்ளைகளை நினைத்து மனம் பதறும். தீ அணைந்த பிறகு கருகிய மலையின் படத்தை அனுப்பி, "எல்லாம் செத்துப்போச்சு டீச்சர், நாங்களே போய் விதை தூவலாமா?" என்று கேட்கிறீர்கள். தூவ வேண்டாம் என்பதே என் கருத்து.

அந்த மண் காலியாக இல்லை. அங்குள்ள ஷாப்பரல் புதர்க்காட்டில் 'விஸ்பரிங் பெல்ஸ்' என்றொரு சின்னச் செடி உண்டு. வெளிர்மஞ்சள் நிறத்தில் மணி மணியாகத் தலைகவிழ்ந்து பூக்கும். பூ காய்ந்தாலும் இதழ் உதிராது. காற்றடித்தால் காகிதம்போல் சலசலக்கும். அதனால்தான் 'கிசுகிசுக்கும் மணிகள்' என்ற பெயர். ஒரே பருவத்தில் முளைத்து, பூத்து, விதைத்து மடிந்துவிடும். ஆனால் அதன் விதை மண்ணுக்குள் பல பத்தாண்டுகள் உறங்கும். அதை எழுப்புவது வெப்பம் அல்ல, புகை! புகையிலுள்ள நைட்ரஜன் டை ஆக்சைடு என்ற வாயுவே அதை முளைக்க வைக்கிறது என்று 1997-இல் இரண்டு ஆய்வாளர்கள் 'சயின்ஸ்' இதழில் எழுதினார்கள். தீக்குப் பின் மழை பெய்ததும், அடுத்த வசந்தத்தில் சாம்பல் மேட்டில் பூ நிறைந்துவிடும்.

அதற்குள் நாம் அவசரப்படுகிறோம். எரிந்த மலைகளில் மண்ணரிப்பைத் தடுக்க ரைகிராஸ் என்ற அயல்நாட்டுப் புல்லை விமானத்திலிருந்து தூவும் வழக்கம் அங்கே நெடுங்காலம் இருந்தது. அந்தப் புல் அடர்ந்து வளர்ந்து சொந்த மண்ணின் செடிகளை நெருக்கிவிடும். கோடையில் காய்ந்து அடுத்த தீக்கு விறகாகும். தீ அடிக்கடி வந்தால் புதர்கள் விதை வைக்க நேரமில்லாமல் அழியும். மலை வெறும் புல்மேடாகும்.

வீட்டின்மேல் சேறு சரியுமே என்ற பயம் நியாயமானது. ஆனால் தூவிய விதை வேர் பிடிக்கும் முன்பே பெருமழை வந்துவிடலாம். வீட்டைக் காக்க மணல் மூட்டை அடுக்குங்கள், வடிகாலைத் தூர்வாருங்கள்.

அங்கிருக்கும் பிள்ளைகளே, கடையில் விற்கும் காட்டுப்பூ விதைப் பொட்டலங்களை எரிந்த மலையில் கொட்டாதீர்கள். அனுமதித்த பாதையை விட்டு இறங்காதீர்கள். பூ வந்தால் பறிக்காமல் படம் மட்டும் அனுப்புங்கள். அந்தப் பூ விட்டுச் செல்லும் விதைதான் அடுத்த தீ வரைக்கும் அந்த மலையின் சேமிப்பு.

அன்புடன்,
உங்கள் டீச்சர்