மலைக்குச் சாட்சியான படங்கள்

குரோம்பேட்டை என்னும் பெயர் தோலிலிருந்து வந்தது. ஜி.ஏ. சேம்பர்ஸ் என்பவர் இங்கு நிறுவிய குரோம் தோல் தொழிற்சாலையே ஊருக்குப் பெயர் தந்தது. இங்கும் பல்லாவரத்திலும் ஆம்பூர், வாணியம்பாடியிலும் தோல் தொழிலால் வாழ்ந்த நம் குடும்பங்கள் அநேகம். ஆகவே, இம்மாதம் கொடைக்கானலைப் பற்றி எழுதுகிறேன் என்றவுடன் வாசக சகோதர சகோதரிகள் பக்கத்தைப் புரட்டிவிட வேண்டாம்.

இயன் லாக்வுட் என்றொரு புகைப்படக் கலைஞர். கொடைக்கானலில் பள்ளிக் கல்வி பெற்றவர். பிற்காலத்தில் கொழும்பில் ஆசிரியராகப் பணியாற்றியவர். மாணவப் பருவத்தில் மனத்தைப் பறிகொடுத்த பழனி மலைத்தொடருக்குப் பல பத்தாண்டுகளாகத் திரும்பத் திரும்ப வந்து, அதன் முகடுகளையும் சரிவுகளையும் பெரும்பாலும் கறுப்பு வெள்ளையில் படம் பிடித்தார். அழகை நாடித் தொடங்கிய வேலை, காலப்போக்கில் கணக்கெடுப்பாக மாறிற்று.

அம்மலையின் உச்சிப் பகுதிகள் இயற்கையில் புல்வெளிகளே. மடிப்புகளில் மட்டும் சோலைகள் ஒதுங்கி நிற்கும். வரையாடு மேய்வதும், நெட்டைக்காலிப் பறவை கூடு கட்டுவதும் அப்புல்லில்தான். மழைநீரைப் பிடித்து வைத்து, ஓடைகளுக்கு மெல்ல மெல்ல விடுவதும் அதுவே. ஆயினும் மரமில்லா நிலம் வெறும் தரிசு என்று அதிகாரிகள் கருதினர். காகிதக் கூழுக்கு யூகலிப்டஸும், தோல் பதனிடும் பட்டைக்காக ஆஸ்திரேலிய வாட்டில் மரமும் நடப்பட்டன. மலைவாசிகள் இதைச் சீகை என்பர். ஒரு காலத்தில் ஆவாரம்பட்டை ஊறிய தொட்டிகளில் பின்னர் வாட்டில் பட்டை ஊறியது. (குரோம் முறைக்குப் பட்டை தேவையில்லை என்பதைத் தொழில் அறிந்தோர் நினைவூட்டுவர், உண்மையே. ஆனால் நம்மவர் நடத்திய பதனிடுமிடங்கள் எல்லாம் குரோம் முறையில் இயங்கியவை அல்ல.) நட்ட மரம் நட்ட இடத்தோடு நிற்கவில்லை, விதை சிந்தி மீதிப் புல்லையும் மூடியது.

உல்லாசப் பயணி இதைக் கண்டு, 'என்ன பசுமை!' என்று வியப்பார். பழைய படத்தைப் பக்கத்தில் வைத்தால்தான் இழப்பு புலப்படும்.

2018ஆம் ஆண்டில் ஆய்வாளர்கள் சிலர், 1973 முதலான செயற்கைக்கோள் படங்களை ஒப்பிட்டு, நாற்பதாண்டுகளில் பழனி மலைப் புல்வெளியில் மூன்றில் இரண்டு பங்கு அழிந்தது என்று வெளியிட்டனர். காரணம் மரத்தோட்டங்களும் விவசாயமும். அக்கட்டுரையின் ஆசிரியர்களுள் லாக்வுட்டும் ஒருவர். விஞ்ஞானிகளின் வரிசையில் ஒரு புகைப்படக்காரரின் பெயர் இடம்பெற்றது எனக்கு மிகவும் பிடித்திருந்தது.

நம் பகுதிக்கு இப்படியொரு ஆல்பம் இருந்தால் எவ்வளவு உதவும்! துரைப்பாக்கம் சாலை ஊடறுத்துச் செல்லும் பல்லாவரம் பெரிய ஏரி, குப்பைமேட்டுக்கும் கட்டடங்களுக்கும் இடம் கொடுத்துச் சுருங்கிய பள்ளிக்கரணைச் சதுப்பு நிலம் ஆகியவற்றின் முந்தைய தோற்றத்தை இன்றைய பிள்ளைகளுக்கு எதைக் கொண்டு காட்டுவது? அத்தாமார் காலத்து நிக்காஹ் ஆல்பங்களைச் சற்றுப் புரட்டிப் பாருங்கள். மாப்பிள்ளையின் தோளுக்குப் பின்னால் ஏரிக்கரையோ வயலோ தெரியக்கூடும். தெரிந்தால், பெரியவர்கள் இருக்கும்போதே கேட்டு, படத்தின் பின்புறம் இடத்தையும் ஆண்டையும் பென்சிலால் எழுதி வையுங்கள். பேனா வேண்டாம், மை ஊறி முன்பக்கம் வந்துவிடும்.