பழி மொழியின் மேல், பகை தோலின் மேல்



சென்ற மாதம் பெற்றோர் சந்திப்பின்போது ஒரு தந்தையார் என்னிடம் இப்படிச் சொன்னார்: "ஐயா, அமெரிக்காவில் இருக்கின்ற மெக்சிகோக்காரர்களைப் பாருங்கள். வீட்டுமொழியைக் கட்டிக்கொண்டு அழுததனால்தான் பின்தங்கிப் போனார்கள். ஆங்கிலத்தை ஒழுங்காகப் படித்திருந்தால் அவர்களை யார் ஒதுக்கப் போகிறார்கள்?" அருகிலிருந்த ஆசிரியர் இருவர் தலையை ஆட்டினர். அந்தத் தலையாட்டல்தான் என்னை எழுத வைத்தது. பெற்றோர் அறியாமல் பேசலாம். கல்லூரியில் கல்வி வரலாறு படித்துவிட்டு வந்த நாமும் அறியாமல் தலையாட்டலாமா?

முதலில் ஒன்றைத் தெளிவுபடுத்திவிடுகிறேன். இலத்தீனோ என்பது ஓர் இனத்தின் பெயரன்று. இலத்தீன் அமெரிக்க நாடுகளில் வேர்கொண்ட மக்களைக் குறிக்கும் பொதுப்பெயர் அது. அவர்களுள் வெள்ளையர் உண்டு, கறுப்பர் உண்டு, பழங்குடியினர் உண்டு, எல்லாம் கலந்தவர்களும் உண்டு. 2020-ஆம் ஆண்டுக் கணக்கெடுப்பின்படி அமெரிக்காவில் அவர்கள் 62 மில்லியன் பேர். எல்லாரும் நேற்று வந்து குடியேறியவர்கள் என்று நினைப்பதும் பிழை. 1848-இல் போரில் தோற்ற மெக்சிகோ, கலிபோர்னியா முதலிய பெரும் நிலப்பரப்பை அமெரிக்காவிடம் இழந்தது. அங்கே வாழ்ந்தவர்கள் எங்கும் போகவில்லை. எல்லைக்கோடுதான் அவர்களைத் தாண்டிப் போனது.

இப்போது மொழிக்கு வருவோம்.

சான்டியேகோ நகருக்கு அருகில் லெமன் குரோவ் என்றோர் ஊர். 1931 சனவரியில் விடுமுறை முடிந்து பள்ளி திறந்தபோது, மெக்சிகோ வம்சாவளிப் பிள்ளைகள் எழுபத்தைந்து பேரைத் தலைமையாசிரியர் வாசலிலேயே நிறுத்தினார். உங்களுக்கென்று வேறு கட்டடம் கட்டியிருக்கிறோம், அங்கே போங்கள் என்றார். இரண்டே அறைகள் கொண்ட அந்தக் கட்டடத்தைப் பெற்றோர்கள் குதிரைக் கொட்டில் என்றே அழைத்தனர். பள்ளி வாரியம் சொன்ன காரணம் என்ன தெரியுமா? பிள்ளைகளுக்கு ஆங்கிலம் போதவில்லை. தனியே வைத்துக் கற்பிக்கப் போகிறோம் என்பது! அந்தப் பிள்ளைகளுள் பெரும்பாலோர் அமெரிக்க மண்ணிலேயே பிறந்தவர்கள். ஆங்கிலம் பேசத் தெரிந்தவர்கள். பெற்றோர்கள் பிள்ளைகளைக் கொட்டிலுக்கு அனுப்ப மறுத்து வழக்குத் தொடுத்தனர். ரொபர்ட்டோ அல்வாரெஸ் என்ற பன்னிரண்டு வயது மாணவனின் பெயரில் நடந்த அந்த வழக்கில் அதே ஆண்டு வெற்றியும் பெற்றனர். ஆனால் அத்தீர்ப்பு அந்த ஊரோடு நின்றுவிட்டது.

அடுத்து மென்டெஸ் குடும்பத்தின் கதை. இதை ஒவ்வோர் ஆசிரியரும் அறிந்திருக்க வேண்டும்.

இரண்டாம் உலகப்போரின்போது கொன்சாலோ மென்டெஸ் என்பவர் கலிபோர்னியாவின் வெஸ்ட்மின்ஸ்டர் ஊரில் ஒரு பண்ணையைக் குத்தகைக்கு எடுத்தார். பண்ணையின் உரிமையாளர்கள் முனெமிட்சு என்னும் சப்பானிய அமெரிக்கக் குடும்பத்தினர். சப்பானிய வம்சாவளியினர் என்பதற்காகவே அரசு அவர்களை அரிசோனா மாநிலத்துப் போஸ்டன் தடுப்பு முகாமில் அடைத்திருந்தது. கொன்சாலோவின் தமக்கை சோலிடாட் விடௌரி, தம் பிள்ளைகளையும் தம்பியின் பிள்ளைகளையும் அழைத்துக்கொண்டு அருகிலிருந்த பள்ளிக்குப் பதிவு செய்யச் சென்றார். பள்ளியில் நடந்தது இதுதான். அத்தையின் பிள்ளைகள் வெளிர்நிறத்தவர். குடும்பப் பெயரும் மெக்சிகோப் பெயராகத் தோன்றவில்லை. அவர்களைச் சேர்த்துக்கொள்ளலாம் என்றனர். மென்டெஸ் பிள்ளைகள் கருத்தவர்கள். அவர்கள் மெக்சிகோப் பள்ளிக்குத்தான் போக வேண்டும் என்றனர். அத்தை ஒருவரையும் சேர்க்காமல் அத்தனை பேரையும் வீட்டுக்குத் திரும்ப அழைத்து வந்தார்.

அன்பர்களே, ஒரே குடும்பத்துப் பிள்ளைகள்! கதவைத் திறந்தது நாக்கா, நிறமா?

மென்டெசும் வேறு நான்கு தந்தையரும் 1945-இல் நான்கு பள்ளி வட்டாரங்களின் மீது வழக்குத் தொடுத்தனர். அங்கும் மொழிக்குறை என்ற வாதமே எடுத்து வைக்கப்பட்டது. ஆனால் கல்வி அதிகாரி ஒருவர் சாட்சிக்கூண்டில் ஏறி, மெக்சிகோப் பிள்ளைகள் தூய்மையிலும் திறனிலும் தாழ்ந்தவர்கள் என்று சொல்லிவிட்டார். பூனைக்குட்டி வெளியே வந்துவிட்டது. நீதிபதி பால் மெக்கார்மிக் 1946 பிப்ரவரியில் தீர்ப்பளித்தார். பள்ளிகள் நடத்திய மொழித் தேர்வுகள் அவசர கோலத்தில் நடத்தப்பட்டவை, நம்பத்தக்கவை அல்ல என்றார். நம்மைப் போன்றோர் குறித்துக்கொள்ள வேண்டிய இன்னொன்றையும் சொன்னார்: ஆங்கிலம் பேசும் பிள்ளைகளிடமிருந்து பிரித்து வைப்பதே இவர்கள் ஆங்கிலம் கற்பதைத் தாமதப்படுத்துகிறது. மொழி வரவில்லை என்று பிரித்தார்கள். பிரித்ததனால் மொழி வரவில்லை. வரவில்லை பார் என்று மேலும் பிரித்தார்கள். 1947-இல் மேல்முறையீட்டிலும் மென்டெஸ் தரப்பே வென்றது. அந்தப் பிள்ளைகளின் தாயார் பெலிசிட்டாஸ் போர்ட்டோ ரிக்கோவைச் சேர்ந்தவர். அத்தீவு மக்கள் 1917 முதலே அமெரிக்கக் குடிமக்கள். குடியுரிமைகூட அவர் பிள்ளைகளுக்குப் பள்ளிக் கதவைத் திறந்துவிடவில்லை.

டெக்சாஸ் மாநிலத்தின் கூத்து இதைவிடப் பெரிது. பெர்னான்டெஸ், கார்சியா போன்ற பெயருடைய எவருமே ஜாக்சன் மாவட்டத்தில் இருபத்தைந்து ஆண்டுகளாக ஜூரியில் அமர்த்தப்பட்டதில்லை. கேட்டால், மெக்சிகோக்காரர்களும் வெள்ளையர்தாமே, வெள்ளையர் ஜூரியில் என்ன பாகுபாடு என்று மாநிலம் வாதிட்டது. அதே நீதிமன்றக் கட்டடத்தில் ஆண்களுக்கு இரண்டு கழிப்பறைகள். ஒன்றில் பெயர்ப்பலகை இல்லை. மற்றொன்றில் கறுப்பின ஆண்களுக்கு என்று ஆங்கிலத்திலும், அதன்கீழ் ஆண்கள் இங்கே என்று ஸ்பானிய மொழியிலும் எழுதியிருந்தது. வாதத்துக்கு வெள்ளையர், கழிப்பறைக்குக் கறுப்பர்! 1954 மே மாதம் உச்சநீதிமன்றம் எர்னான்டெஸ் வழக்கில் இந்த வாதத்தைத் தள்ளுபடி செய்தது.

"ஆங்கிலம் வேண்டாம் என்கிறீரா?" என்று கேட்பீர்கள். இல்லை. நன்றாகக் கற்கட்டும். ஆங்கிலம் கற்றால் ஒதுக்கமாட்டார்கள் என்ற பொய்யைத்தான் நான் மறுக்கிறேன். 1968 மார்ச்சில் கிழக்கு லாஸ் ஏஞ்சலிஸ் பள்ளிகளிலிருந்து ஆயிரக்கணக்கான மாணவர்கள் வெளிநடப்புச் செய்தார்களே, அவர்கள் ஆங்கிலத்தை எதிர்த்தா நடந்தார்கள்? ஸ்பானிய மொழி பேசினால் தண்டிக்காதே, எங்கள் வரலாற்றையும் பாடத்தில் சேர், எங்களைக் கைத்தொழிலுக்கு மட்டும் தள்ளிவிடாதே, கல்லூரிக்கும் அனுப்பு என்று கேட்டார்கள். அவர்களோடு நின்றவர் லிங்கன் உயர்நிலைப்பள்ளி ஆசிரியர் சால் காஸ்ட்ரோ. கைது செய்யப்பட்டார், சதி வழக்கில் சேர்க்கப்பட்ட பதின்மூவருள் ஒருவரானார், வேலையும் போயிற்று. பெற்றோர்கள் கல்வி வாரிய அலுவலகத்திலேயே உட்கார்ந்து போராடி அவரை மீண்டும் வகுப்பறைக்குக் கொண்டுவந்தனர். (ஆசிரியருக்காகப் பெற்றோர் உட்கார்ந்த காட்சியை நினைத்தாலே எனக்குப் பொறாமையாக இருக்கிறது.)

இதெல்லாம் பழங்கதை என்று சொல்லிவிட முடியாது. டூசன் நகரப் பள்ளிகளில் மெக்சிகோ அமெரிக்கர் வரலாறும் இலக்கியமும் கற்பிக்கும் பாடத்திட்டம் ஒன்று இருந்தது. பாடங்கள் பெரும்பாலும் ஆங்கிலத்திலேயே நடந்தன. மொழிதான் சிக்கல் என்றால் இங்கே என்ன சிக்கல்? ஆயினும் 2010-இல் அரிசோனா மாநிலம் அதைக் குறிவைத்துச் சட்டம் இயற்றியது. 2012 சனவரியில் பாடத்திட்டம் நிறுத்தப்பட்டது. ஏழு நூல்கள் வகுப்பறைகளிலிருந்து அகற்றப்பட்டன. அந்த நடவடிக்கைக்குப் பின்னால் இனப்பகை இருந்தது என்று கூட்டரசு நீதிமன்றம் 2017-இல் தீர்ப்பளித்தது.

தீர்ப்பை எழுதிய நீதிபதியின் பெயர் வாலஸ் தஷிமா. சப்பானிய வம்சாவளியினர். போர்க்காலத்தில் சிறுவனாக அவரும் அடைக்கப்பட்டிருந்தார்; முனெமிட்சு குடும்பம் இருந்த அதே போஸ்டன் முகாமில்.