இடைக்கால மனு தள்ளுபடியா? உடனே அப்பீல் போக முடியுமா? சட்டம் சொல்வது என்ன?

தாத்தா காலத்து வீடு. பாகப்பிரிவினை வழக்கு வருஷக்கணக்கில் நடக்கிறது. பழைய பத்திரம் ஒன்று இப்போதுதான் உங்கள் கையில் கிடைக்கிறது. அதை ஆவணமாக ஏற்கச் சொல்லி மனு போடுகிறீர்கள். 'ரொம்ப லேட்' என்று கோர்ட் தள்ளுபடி செய்துவிடுகிறது. உடனே அப்பீல் போகலாமா? முடியாது என்பதுதான் பதில்.

எதற்கெல்லாம் அப்பீல் உண்டு?

வழக்கின் நடுவே வரும் உத்தரவுகளில் எவற்றுக்கு அப்பீல் உண்டு என்பதை சிவில் நடைமுறைச் சட்டத்தின் 104-வது பிரிவும் ஆர்டர் 43-ம் பட்டியல் போட்டுச் சொல்கின்றன. தற்காலிகத் தடையுத்தரவு கொடுத்தாலும் மறுத்தாலும் அப்பீல் உண்டு. ரிசீவர் நியமனத்துக்கும் உண்டு. கூடுதல் சாட்சி, தாமதமான ஆவணம், மனுத் திருத்தம் போன்றவை பட்டியலிலேயே இல்லை.

பட்டியலில் இருந்தாலும் எளிதல்ல. கீழ் கோர்ட் நியாயமாக யோசித்து எடுத்த முடிவை, தனக்கு வேறு கருத்து இருக்கிறது என்பதற்காக மட்டும் அப்பீல் கோர்ட் மாற்றக் கூடாது. 1990-ல் வாண்டர் - ஆன்டாக்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த எல்லை இது.

ஹைகோர்ட் போனால்?

115-வது பிரிவில் சீராய்வு மனு என்று ஒன்று உண்டு. ஆனால், 2002 ஜூலை 1 முதல் அதுவும் சுருங்கிவிட்டது. உத்தரவு உங்களுக்குச் சாதகமாக வந்திருந்தால் வழக்கே முடிந்திருக்குமா? 'ஆம்' என்றால்தான் சீராய்வு. பத்திரத்தை ஏற்றிருந்தாலும் உங்கள் வழக்கு தொடர்ந்திருக்கும். எனவே இதுவும் இல்லை.

மிச்சம் இருப்பது அரசியல் சாசனத்தின் 227-வது பிரிவு. இது அப்பீல் அல்ல, கண்காணிப்பு அதிகாரம். கீழ் கோர்ட் வரம்பு மீறினால், அப்பட்டமான அநீதி நடந்தால் ஹைகோர்ட் தலையிடலாம். சாதாரணப் பிழைகளைத் திருத்த இதைப் பயன்படுத்த முடியாது. அப்பீல் வழி இருக்கும்போது அதை விட்டுவிட்டு 227-க்கு ஓடிவருவதையும் ஏற்க முடியாது என்று, விருதுநகர் இந்து நாடார்கள் தர்ம பரிபாலன சபை வழக்கில் 2019-ல் உச்ச நீதிமன்றம் சொன்னது.

அப்போ, தப்பான உத்தரவு அப்படியே நிற்குமா?

இல்லை. இதற்குத்தான் 105-வது பிரிவு. இறுதித் தீர்ப்பு எதிராக வந்து அப்பீல் போகும்போது, அந்தப் பழைய உத்தரவையும் ஒரு காரணமாகச் சேர்க்கலாம். ஆனால், அந்தத் தவறு வழக்கின் முடிவையே பாதித்திருக்க வேண்டும். அதனால் மனு, ஆட்சேபம் எல்லாம் எழுத்தில் பதிவாகியிருப்பது முக்கியம்.

ஏன் இத்தனை பூட்டு?

ஒவ்வொரு உத்தரவுக்கும் அப்பீல் என்றால், வசதி உள்ளவர் வழக்கை முடியவே விடமாட்டார். வீட்டுக்காகக் காத்திருக்கும் 70 வயது அம்மாவுக்கு இந்தப் பூட்டு ஒரு பாதுகாப்பு. ஆனால், தப்பான உத்தரவில் மாட்டியவர் அதைத் திருத்த இறுதித் தீர்ப்பு வரை காத்திருக்க வேண்டும். வேகத்துக்குச் சட்டம் கேட்கும் விலை அது.