கிரிப்டோனைட்டும் படியூர்க் கல்லும்

மாயக்கல்னு சொன்னதும் உங்களுக்கு என்ன ஞாபகம் வருது மக்களே? சூப்பர்மேனைப் படுக்கப்போடுற கிரிப்டோனைட்? (அது 1943ல ஒரு ரேடியோ நாடகத்துக்காகப் புடிச்ச ஐடியாவாம்.) 'ஸ்டார் ட்ரெக்' கப்பலை ஓட்டுற டைலித்தியம்? 2009ல வந்த 'அவதார்'ல மலையையே மிதக்க வெச்ச தாது? நம்மூர் சரக்குன்னா பாம்பு கக்குற நாகமணி. அம்புட்டுதான்.

ஒரு கொங்கு நாட்டுக்காரனா எனக்கு இதுல ஒரு மனக்குறை உண்டுங்க. மாயக்கல் கதைக்கு வேண்டிய அத்தனை சமாச்சாரமும் நம்ம காலடியிலயே கிடக்கு. நாம என்னடான்னா கிரிப்டான் கிரகம் வரைக்கும் போயிட்டு வர்றோம் :)

காங்கேயம்னா காளை தெரியும், தேங்காய் எண்ணெய் தெரியும், அரிசி ஆலை தெரியும். பக்கத்துல படியூர்னு ஒரு ஊர். திருப்பூர் போற பஸ்ல தூங்கிட்டே தாண்டியிருப்பீங்க. அந்த மண்ணுல கிடைச்சது பெரில்ங்கற கல். சுத்தமான பெரிலுக்கு நிறமே கிடையாது. துளி இரும்பு கலந்தா கடல் நீலம், குரோமியம் கலந்தா மரகதப் பச்சை. படியூர்ல கிடைச்சது அந்தக் கடல் நீலம்.

இந்தக் கல்லு மேல ரோமாபுரிக்காரங்களுக்குத் தீராத ஆசை. கி.பி. 77 வாக்குல பிளினி எழுதின புத்தகத்துல, நல்ல பெரில் எல்லாம் இந்தியாவுலேர்ந்துதான் வருதுன்னு சொல்றார். அதோட விட்டாரா? பளிங்குக்குச் சாயம் ஏத்தி போலி பெரில் செய்யவும் இந்தியாக்காரன் கத்து வெச்சிருக்கான்னு போட்டுக் குடுத்திருக்கார். டூப்ளிகேட் வேலை ரெண்டாயிரம் வருஷமா நடக்குது பாருங்க!

கல்லு போச்சு, காசு வந்துச்சு. கோயமுத்தூர் வெள்ளலூர்ல 1842ல ரோமானிய வெள்ளிக் காசு குவியலாக் கிடைச்சுது. இன்னிக்கு வெள்ளலூர்னா நமக்கு ஞாபகம் வர்றது குப்பைக் கிடங்கு.

படியூர்லேர்ந்து ரொம்பத் தூரமில்ல, நொய்யல் கரையில கொடுமணல். பதிற்றுப்பத்துல வர்ற கொடுமணம் இதுதான்னு சொல்றாங்க. 1985லேர்ந்து தமிழ்ப் பல்கலைக்கழகம் அங்க தோண்டிச்சு. கிடைச்சதுல எனக்கு ரொம்பப் புடிச்சது பளபளன்னு முடிஞ்ச மணிகள் இல்லைங்க, முடியாத மணிகள்தான். வெட்டின கல், பாதி உருட்டின கல், ஓட்டை போடாத கல்னு எல்லாப் பதத்துலயும் கிடைச்சிருக்கு. அதாவது அது ஒரு பட்டறை. பெரில் குவார்ட்ஸைவிடக் கடினமான கல். அதுல ஊசி நுழையற மாதிரி நேரா ஒரு ஓட்டை போடணும்னா எவ்வளவு பொறுமை வேணும்? கடைசி நிமிஷத்துல விரிசல் விட்டா அத்தனை நாள் உழைப்பும் போச்சு. கல்லுக்குச் சக்தி வந்தது அந்தக் கையிலேர்ந்துதான். மண்ணுக்குள்ள இருந்தவரைக்கும் அது வெறும் கூழாங்கல்.

இப்ப ராசிக்கல் சமாச்சாரத்துக்கு வர்றேன். எங்க சொந்தத்துல ஒரு அத்தை. மகனோட விசைத்தறி நட்டத்துல ஓடிட்டு இருந்துச்சு. "ஒரு மண்டலம் போட்டுப் பாருங்க அம்மிணி, தொழில் தூக்கிக் குடுத்துரும்"னு ஒருத்தர் புஷ்பராகம் எழுதிக் குடுத்தார். அத்தை நாலு பவுன் சங்கிலிய அடகு வெச்சு வாங்கி மகன் விரல்ல போட்டுச்சு. மண்டலம் முடிஞ்சுது. தறிய பழைய இரும்பு விலைக்குப் போட்டாங்க. சங்கிலி திரும்பவே இல்லை. மோதிரம் மட்டும் இருக்கு.

"நம்பிக்கைதானேப்பா, உனக்கென்ன போச்சு"ன்னு கேப்பாங்க. நம்பிக்கை மேல எனக்குச் சண்டை இல்லைங்க. கதையில மாயக்கல்லுக்கு ஒரு விதி இருக்கும். இதைச் செய்யும், இதைச் செய்யாதுன்னு எழுதினவனே வரம்பு கட்டிருவான். ராசிக்கல்லுக்கு மட்டும் வரம்பே கிடையாது. பலிச்சா கல்லு, பலிக்கலைன்னா உன் ஜாதகம். தோத்தே போகாத ஒரு பொருளை, ஏற்கெனவே தோத்து நிக்கறவங்ககிட்ட விக்கறதுதான் எனக்கு எரியுது.

பெரிலோட நெசமான சக்தி தெரியணுமா? ஜெர்மன்காரன் மூக்குக்கண்ணாடிய 'பிரில்லெ'ங்கறான். அந்த வார்த்தை பெரில்லேர்ந்து வந்தது. பெரில்ல இருக்கற பெரிலியம்ங்கற உலோகத்துலதான் 2021ல ஏவின ஜேம்ஸ் வெப் தொலைநோக்கியோட பெரிய கண்ணாடியச் செஞ்சு தங்கம் பூசியிருக்காங்க. கோடானுகோடி மைல் தாண்டி ஆதி நட்சத்திர வெளிச்சத்தப் பாக்குது அது. இதுக்கு மேல என்ன மாயம் வேணும்?

அதனால கதை எழுதற நண்பர்களுக்கு ஒரு விண்ணப்பம். அடுத்த தடவை மாயக்கல் தேவைப்பட்டா கிரிப்டானுக்கு டிக்கெட் எடுக்காதீங்க. கொடுமணல்ல கல்லுக்கு ஓட்டை போட்டுட்டு உக்காந்திருந்த ஒருத்தரையோ ஒருத்தியையோ நாயகனாக்குங்க, நாயகியாக்குங்க. கல்லு தானாப் பறக்க வேண்டாம், அவங்க கை பண்ற வித்தையே போதும்.

டிஸ்கி: எங்கத்தைக்கு இந்தப் பதிவைப் படிச்சுக் காட்டறதா இல்லை. மோதிரத்தை மகன் இன்னும் போட்டிருக்கான். கழட்டினா அத்தை அழுதுரும்.