சோறு போடுமா ஸ்நூக்கர்?



போன ஞாயிற்றுக்கிழமை பழைய மாணவர் ஒருவர் மகனோடு செங்கல்பட்டு வீட்டுக்கு வந்திருந்தார். பையன் பிளஸ் டூ. ஸ்நூக்கர்தான் உயிர் என்கிறான். "நீங்க சொன்னா கேப்பான் சார். அதெல்லாம் சோறு போடாதுன்னு சொல்லுங்க" என்றார் அப்பா. என்னால் சட்டென்று சொல்ல முடியவில்லை.

2022இல் மாமல்லபுரத்தில் செஸ் ஒலிம்பியாட் நடந்தபோது பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு ஓடியவர்கள்தான் நாம். செஸ் என்றால் புத்தி, ஸ்நூக்கர் என்றால் கெட்ட சகவாசமா? 1875இல் ஜபல்பூரில் ஆங்கிலேய ராணுவ அதிகாரிகள் தொடங்கிய ஆட்டம் இது. 1882இல் இதற்கு விதிகளை எழுதி வைத்தது நம் ஊட்டி கிளப்பில். "அங்க சிகரெட், பந்தயம் எல்லாம் இருக்கும் சார்" என்றார். சில இடங்களில் இருக்கலாம். ஒரு நாள் நீங்களே போய் உட்கார்ந்து பாருங்கள் என்றேன்.

மும்பைக்காரர் ஆதித்யா மேத்தாவைப் பற்றி அந்தப் பையன்தான் சொன்னான். 2013இல் டெல்லியில் நடந்த இந்தியன் ஓபன் இறுதிப் போட்டிக்கு வந்தார். தொழில்முறைத் தரவரிசைப் போட்டி ஒன்றின் இறுதிக்கு வந்த முதல் இந்தியர் அவர். சீனாவின் டிங் ஜுன்ஹுயியிடம் 0-5 என்று தோற்றார். அடுத்த ஆண்டே ஜெர்மனியில் ஒரே மூச்சில் 147 எடுத்தார்.

கணக்கு வாத்தியாருக்குக் கை சும்மா இருக்குமா? 15 சிவப்புப் பந்து, ஒவ்வொன்றுக்கும் பின் ஒரு கறுப்பு: 15 × 8 = 120. பிறகு ஆறு வண்ணப் பந்துகள்: 27. ஆக 147. தொடர்ந்து 36 அடி, ஒன்றுகூடத் தவறக் கூடாது. தரவரிசைப் பட்டம் எதையும் அவர் வெல்லவில்லைதான். அதற்காக அதைத் தோல்வி என்பவருக்கு நான் மதிப்பெண் போட மாட்டேன்.

ஆனால் அப்பாவின் பயமும் பொய்யில்லை. ஆடும் காலத்தைவிட ஆடி முடித்த காலம்தான் நீளம். வில்சன் ஜோன்ஸ் 1958இல் கல்கத்தாவில் உலக அமெச்சூர் பில்லியர்ட்ஸ் பட்டம் வென்றார். 1964இல் மறுபடியும் வென்றார். ஆட்டத்தை விட்ட பிறகு இளைஞர்களுக்குச் சொல்லிக் கொடுத்தார். 1996இல் அவருக்குத் துரோணாச்சாரியார் விருது கிடைத்தது. ஆட்டக்காரருக்கு இரண்டாம் பாதி உண்டு. அதை முன்கூட்டியே யோசிக்க வேண்டும், அவ்வளவுதான்.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். பல வருடங்களுக்கு முன் வகுப்பில் ஒரு பையனிடமிருந்து கேரம் ஸ்ட்ரைக்கரைப் பிடுங்கி மேசை டிராயரில் போட்டேன். திருப்பிக் கொடுக்கவே இல்லை. அவன் கேரமை விட்டுவிட்டான். கணக்கிலும் 40ஐத் தாண்டவில்லை. நான் எதைக் காப்பாற்றினேன் என்று இன்றுவரை தெரியவில்லை.

அதனால் பையனிடம் சொன்னேன்: "பிளஸ் டூவை ஒழுங்காக முடி. கல்லூரியில் சேர். படித்துக்கொண்டே மூன்று வருடம் முழு மனதோடு ஆடு. நாற்பது வயதில் என்ன செய்வாய் என்று ஒரு தாளில் எழுதி அப்பாவிடம் கொடு." அப்பாவிடம் சொன்னேன்: "அவன் தோற்று வரும் நாளில் 'நான் அப்பவே சொன்னேன்' என்று மட்டும் சொல்லாதே."

என் மாணவர்களில் பிள்ளை பெற்ற எல்லோருக்கும் இதையே சொல்கிறேன். நான் சொன்னது தப்பென்றால் கீழே எழுதுங்கள். இப்போது பிரம்பு கையில் இல்லை!

அன்புடன்,
உங்கள் கணக்கு வாத்தியார்